விண்ணப்பத்தில் வழக்கமாக எழுதும் அந்த ஒரு வரி

போன வருடம் தீபாவளி கழிந்த வாரம். பாளையங்கோட்டையில் மூன்று நாளாக மழை விட்டு விட்டுப் பெய்துகொண்டிருந்தது. காலை ஒன்பது மணி இருக்கும். என் வீட்டுக் கம்பிக் கதவுக்கு வெளியே ஒருவர் குடையை மடக்கிக்கொண்டு நின்றார். ஒரு கையில் பிளாஸ்டிக் கவரில் காகிதங்கள், இன்னொரு கையில் செய்தித்தாளில் சுற்றிய கருவாட்டுப் பொட்டலம். எனக்கு ஆள் சட்டென்று பிடிபடவில்லை.

"டீச்சர், கடற்கரையில இருந்து வாரேன். வள்ளத்து இன்ஜின் பாக்குதவன். நீங்க எங்க ஊர்ல அஞ்சு வருசம் இருந்தியள்லா" என்றார்.

நான் ஓய்வுபெற்று ஏழு வருடமாகிறது. கடைசி ஐந்து வருடம் கூடங்குளத்துக்கு அந்தப் பக்கம் ஒரு மீனவர் கிராமத்தில் ஆசிரியையாக இருந்தேன். ஒன்றிலிருந்து பத்து வரை உள்ள பள்ளி, எனக்குச் சின்ன வகுப்புகள். முகம் நினைவில்லை என்றாலும் அந்த ஊர் என்றதும் உள்ளே வரச்சொல்லி நாற்காலி போட்டேன். அவர் நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தார்.

விஷயம் இதுதான். அவருடைய ஒரே மகள் அதே பள்ளியில் பத்தாம் வகுப்பு படிக்கிறாள். பிறந்தது அக்டோபர் பதினேழு. ஆஸ்பத்திரியில் பிறந்த பிள்ளை, பிறப்புச் சான்றிதழ் ஒழுங்காக இருக்கிறது. பள்ளிப் பதிவேட்டில் மட்டும் அதற்கடுத்த வருடம் ஜனவரி இருபது என்று இருக்கிறது. பொதுத்தேர்வுக்கான பெயர்ப் பட்டியல் மாதக் கடைசியில் மேலே போகிறது. அதற்குள் திருத்தாவிட்டால் மதிப்பெண் சான்றிதழில் தப்பான தேதியே அச்சாகிவிடும். அப்புறம் கோர்ட்டுக்குத்தான் போகவேண்டும்.

ஜனவரி இருபது எங்கிருந்து வந்தது என்று கேட்டேன். அது பிள்ளைக்கு ஞானஸ்நானம் கொடுத்த தேதி என்றார். கடற்கரையில் பலர் இப்படி ஞானஸ்நானத்தைத் தள்ளிவைப்பது உண்டு. பிள்ளையின் ஞானத்தகப்பன் கப்பலில் வேலை பார்ப்பவர். அவர் லீவில் வந்து இறங்கும்வரை காத்திருந்து, ஊர்க் கோயில், அதாவது சர்ச், திருவிழாவில் ஞானஸ்நானம் கொடுத்திருக்கிறார்கள். பள்ளியில் சேர்க்கும்போது பிறப்புச் சான்றிதழ் கைக்கு வந்திருக்கவில்லை. கோயிலில் கொடுத்த ஞானஸ்நானச் சான்றிதழை இவர் காட்டியிருக்கிறார். அதில் மேல் வரியில் பிறந்த தேதி, கீழ் வரியில் ஞானஸ்நானத் தேதி. எழுதியவர் கீழ் வரியைப் பார்த்து எழுதிவிட்டார்.

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. நானும் கிறிஸ்தவப் பெண்தான். மிஷன் பள்ளிக்கூட வளவுக்குள்ளேயே வளர்ந்தவள். அந்தச் சான்றிதழில் இரண்டு தேதி இருக்கும் என்பது எங்கள் வீட்டுச் சின்னப் பிள்ளைகளுக்குக்கூடத் தெரியும். "எந்தக் கண்ணில்லாத ஆள் எழுதினது அது? சம்பளம் வாங்கலையா அந்த ஆளு?" என்று கேட்டேன். அவர் குடையைப் பார்த்தபடி, "விடுங்க டீச்சர், எழுதியாச்சு" என்றார்.

இது வெறும் தேதிதானே என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. அவர் கதையையே சொன்னார். இருபத்தைந்து வயதில் அவருக்குக் கப்பலில், இன்ஜின் அறையில் வேலை கிடைத்திருக்கிறது. பாஸ்போர்ட்டில் ஒரு தேதி, பள்ளிச் சான்றில் ஒரு தேதி. அதைச் சரிசெய்ய அலைந்து முடிப்பதற்குள் கப்பல் வேறு ஆளை ஏற்றிக்கொண்டு போய்விட்டது. மகளுக்கு நர்ஸ் வேலைக்குப் படித்து வெளிநாடு போகவேண்டும் என்று ஆசை. "எனக்கு வந்தது அவளுக்கு வரக்கூடாது. அதுக்குத்தான் ஓடி வந்தேன்" என்றார்.

பள்ளியிலிருந்து காகிதங்களை அனுப்பி ஒரு மாதம் ஆகியிருந்தது. கல்வி அலுவலகத்தில் போய்க் கேட்டால் ஒவ்வொரு தடவையும் ஒரு பதில். அதனால்தான் பேசத் தெரிந்த ஒரு ஆளைத் தேடி என்னிடம் வந்திருக்கிறார். எனக்குப் பேசத் தெரியும் என்பதில் சந்தேகமே வேண்டாம். என் வாய் எங்கள் தெருவுக்கே தெரியும்.

முதல் காரியமாக அவர் எழுதிவைத்திருந்த விண்ணப்பத்தை வாங்கிப் பார்த்தேன். கோணல்மாணலாக இருந்தது. வெள்ளைத்தாளை எடுத்து நானே புதிதாக எழுதினேன். முப்பத்துநாலு வருடத்தில் இப்படி எத்தனை பேருக்கு எழுதிக் கொடுத்திருப்பேன். கை தானாக ஓடியது. "என் மகளைப் பள்ளியில் சேர்க்கும்போது என் அறியாமையால் தவறான பிறந்த தேதியைத் தெரிவித்துவிட்டேன். ஐயா அவர்கள் கருணைகூர்ந்து..." என்று எழுதிக் கையெழுத்துப் போடச் சொல்லி நீட்டினேன். பேனாவைப் பிடித்தபடி அவர் கொஞ்ச நேரம் அந்தத் தாளையே பார்த்துக்கொண்டிருந்தார். எட்டாம் வகுப்பு வரை படித்தவர், எழுத்துக்கூட்டி வாசிக்கிறார் போலும் என்று நினைத்துக்கொண்டேன். பிறகு கையெழுத்துப் போட்டார்.

அந்த அலுவலகம் எந்த ஊர் என்று நான் சொல்லப்போவதில்லை. போனவர்களுக்குத் தெரியும், போகாதவர்கள் போகாமலே இருக்கட்டும். முதல் நாள் போனபோது அதிகாரி ஆய்வுக்குப் போயிருந்தார். இரண்டாம் நாள் அதிகாரி இருந்தார், கோப்பு இல்லை. கோப்பு வைத்திருக்கும் எழுத்தர் டீ குடிக்கப் போயிருந்தார். பதினொன்றரைக்கு டீ குடிக்கப் போனவர் ஒன்றேகால் மணிக்கு வந்தார். அவருக்கு நாற்பத்தைந்து வயதிருக்கும். என்னைப் பார்த்ததும் "உக்காருங்க டீச்சர்" என்றார். இவரைப் பார்த்து, "அங்கன தள்ளி நில்லும்வே. மேல வந்து விழாதீரும்" என்றார்.

எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. விடியற்காலை முதல் பஸ்ஸைப் பிடித்து, வள்ளியூரில் மாறி, அன்றைய வேலையை விட்டுவிட்டு வந்திருக்கும் மனிதர் அவர். கரையில் இரண்டு வள்ளங்கள் இன்ஜின் ஓடாமல் அவருக்காகக் கிடந்தன. "அவருக்கும் ஒரு நாற்காலி போட்டா உங்க ஆபீஸ் இடிஞ்சா விழுந்துரும்?" என்று கேட்டேன். அறையில் இருந்த மற்றவர்கள் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். இவர் என் பக்கம் குனிந்து, "பைய பேசுங்க டீச்சர், காரியம் நடக்கணும்லா" என்றார். இந்தப் பொறுமைதான் இவர்களைக் கெடுக்கிறது என்று அவர் மேலும் கோபம் வந்தது எனக்கு.

பிறப்புச் சான்றிதழ் நகலில் முத்திரை தெளிவாக இல்லை என்று அன்றைக்குத் திருப்பி அனுப்பினார்கள். தெளிவான முத்திரையோடு மூன்றாம் தடவை போனோம். பட்டியல் போவதற்கு எட்டு நாள்தான் பாக்கி. எழுத்தர் தாள்களைப் புரட்டிவிட்டு, எல்லாம் சரி, ஆனால் பதிவேட்டில் அன்றைக்கு எழுதினவர் யாரோ அவரிடமிருந்து ஒரு விளக்கக் கடிதம் வேண்டும் என்றார். இதை முதல் நாளே சொல்வதற்கு என்ன என்று கேட்டேன். கேட்கவில்லையே நீங்கள் என்றார். இந்தப் பதிலை இன்றைக்கு நினைத்தாலும் எனக்கு ரத்தக்கொதிப்பு ஏறுகிறது.

வெளியே வந்ததும், "வாங்க, இப்பவே உங்க ஊருக்குப் போவோம். எழுதின மகராசன் யாருன்னு பாத்து, எந்த ஊர்ல இருந்தாலும் கையைப் பிடிச்சு இழுத்துட்டு வாரேன்" என்றேன். அவர் நகரவில்லை. வேண்டாம் டீச்சர், தலைமையாசிரியையிடம் சொல்லி வேறு மாதிரி வாங்கிக்கொள்ளலாம் என்று இழுத்தார். நான் கேட்டால்தானே. பஸ்ஸில் போகும் வழியெல்லாம் அந்தப் பெயர் தெரியாத ஆளைத் திட்டிக்கொண்டே போனேன். ஒரு பிள்ளையின் தேதியை எழுத அரை நிமிடம் போதும், அந்த அரை நிமிடம் கண்ணைத் திறந்து வைத்திருக்க முடியவில்லையா என்றேன். என் நாளில் இப்படியெல்லாம் நடக்காது என்றும் சொன்னேன். அவர் ஜன்னல் வழியாகக் காற்றாலைகளைப் பார்த்துக்கொண்டே வந்தார்.

தலைமையாசிரியை எனக்குப் பின்னால் வந்தவர், நல்ல பெண். பழைய சேர்க்கைப் பதிவேட்டை அலமாரியிலிருந்து எடுத்து, தூசி தட்டி, பக்கத்தைத் தேடி என் முன்னால் விரித்து வைத்தார். நான் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு குனிந்தேன்.

பிள்ளையின் பெயர், தகப்பன் பெயர், தொழில், பிறந்த தேதி. ஜனவரி இருபது. குறிப்பு எழுதும் கட்டத்தில், "ஞானஸ்நானச் சான்றிதழ் பார்க்கப்பட்டது" என்று இருந்தது. ஏழு என்ற எண்ணுக்கு நடுவில் ஒரு சின்னக் கோடு போடும் பழக்கம் எனக்கு உண்டு. வருடத்திலும் வரிசை எண்ணிலும் அந்தக் கோடு இருந்தது. கடைசியில் என்னுடைய சுருக்கக் கையெழுத்து.

அந்த வருடம் ஜூன் மாதம் பள்ளி எழுத்தர் ஒரு வாரம் மருத்துவ விடுப்பில் இருந்தது அப்போதுதான் நினைவுக்கு வந்தது. சேர்க்கை மேசையில் என்னை உட்கார வைத்திருந்தார்கள். அது ஒரு வார வேலை. அதற்குப் பின் அதை நான் ஒரு நாளும் நினைத்ததில்லை.

பழைய பதிவேடுகளில் பார்த்துத் தலைமையாசிரியைக்கும் என் கையெழுத்து தெரியும். அவர் தண்ணீர் எடுத்துவரச் சொல்ல வெளியே போய்விட்டார். நான் இவரைத் திரும்பிப் பார்த்தேன். அவர் முகத்தில் ஆச்சரியமே இல்லை. அவருக்கு முதலிலிருந்தே தெரிந்திருக்கிறது. என் வீட்டு நாற்காலியின் நுனியில் உட்கார்ந்திருந்தபோதும் தெரியும், பஸ்ஸில் அத்தனை வசவையும் கேட்டபோதும் தெரியும்.

வெட்கப்பட வேண்டிய நேரத்தில் எனக்குக் கோபம்தான் வந்தது. என் சுபாவம் அப்படி. "தெரிஞ்சுகிட்டு ஏன் சொல்லல? முதல் நாளே சொல்லியிருக்கலாம்ல?" என்று அவரிடமே சீறினேன்.

"அன்னைக்கே சொன்னேன்லா டீச்சர்" என்றார். குரலில் ஒரு குற்றச்சாட்டும் இல்லை. "நீங்க எழுதும்போதே சொன்னேன், அது ஞானஸ்நானத் தேதி, பொறந்த தேதி மேல இருக்குன்னு. 'தள்ளி நில்லும், எனக்கு வாசிக்கத் தெரியும்'னு சொன்னிய. பொறவு பின்னால நின்னவங்களக் கூப்பிட்டுட்டிய."

எனக்கு அந்த நாள் நினைவில்லை. எவ்வளவு யோசித்தும் அந்த முகம் வரவில்லை. ஆனால் அந்த வாக்கியம் என்னுடையதுதான். முப்பத்துநாலு வருடமும் வகுப்பு வாசலில் எத்தனையோ பேரிடம் அதைச் சொல்லியிருக்கிறேன். அந்த அலுவலக எழுத்தர் இவரைத் தள்ளி நிற்கச் சொன்னபோது உடம்பெல்லாம் எரிந்ததே எனக்கு. அதை ஒன்பது வருடம் முன்னாலேயே நான் இவருக்குச் சொல்லி முடித்திருந்தேன்.

பிறகு ஒவ்வொரு வருடமும் அவர் பள்ளி அலுவலகத்தில் வந்து கேட்டிருக்கிறார். பத்தாம் வகுப்பில் பார்த்துக்கொள்ளலாம் என்று ஒவ்வொரு வருடமும் யாரோ ஒருவர் சொல்லியிருக்கிறார்கள். என்னிடம் ஏன் வந்தார் என்று கேட்டேன். வேறு யாரையும் தெரியாது என்றார். உண்மையைச் சொன்னால் நான் வருவேனோ மாட்டேனோ என்று பயமாக இருந்தது என்றும் சொன்னார்.

அப்போதுதான் இன்னொன்றும் உறைத்தது. "என் அறியாமையால் தவறான தேதியைத் தெரிவித்துவிட்டேன்" என்று நான் எழுதிக் கொடுத்த வரி. பேனாவைப் பிடித்துக்கொண்டு அவர் பார்த்துக்கொண்டிருந்தது அதைத்தான். சரியாகச் சொன்ன மனிதரைத் தப்பாகச் சொன்னேன் என்று எழுத வைத்து, அதுவும் தப்பு செய்தவளே எழுதிக் கொடுத்து, கையெழுத்தும் வாங்கியிருக்கிறேன். அவர் போட்டுவிட்டார். மகளுக்காக எதில் வேண்டுமானாலும் போட்டிருப்பார்.

மறுநாள் விளக்கக் கடிதம் எழுதினேன். தந்தை சரியான தேதியைச் சொன்னார், சான்றிதழிலும் சரியாக இருந்தது, நான்தான் பார்க்காமல் தவறாக எழுதினேன், சுட்டிக்காட்டியபோதும் கேட்கவில்லை என்று எழுதினேன். அலுவலக எழுத்தர் அதை வாசித்துவிட்டு என்னை ஏற இறங்கப் பார்த்தார். "இப்படி எழுதாதீங்க டீச்சர். பெற்றோர் தப்பாச் சொன்னதாலன்னு மாத்தி எழுதுங்க. எல்லாரும் அப்படித்தான் எழுதுதாவ, பைல் சுளுவாப் போயிரும். இது உங்க பென்சன் வரைக்கும் போய்ச் சேந்தா நான் என்ன செய்ய?" என்றார். என் நன்மைக்குத்தான் சொன்னார்.

பொய் சொல்லக்கூடாது, பென்சன் என்ற அந்த ஒரு சொல்லில் நான் ஆடிப்போய்விட்டேன். கடிதத்தைத் திரும்ப வாங்கிக் கையில் வைத்துக்கொண்டு அலுவலகத்தின் நீண்ட நடைவழியில் கால் மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். ஓய்வூதியத்தை நம்பித்தான் இருக்கிறேன். அவரோ சுவர் ஓரமாக நின்றபடி, "அவரு சொல்லுதபடியே எழுதுங்க டீச்சர், எனக்கு ஒண்ணும் இல்ல" என்றார். அப்படி அவர் சொன்னதுதான் என்னை எழுப்பியது. உள்ளே போய், எழுதியது எழுதியதுதான், இப்படியே மேலே அனுப்புங்கள் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

பட்டியல் போவதற்கு இரண்டு நாள் முன்னால் ஆணை வந்துவிட்டது என்று தலைமையாசிரியை போன் செய்தார். நான் பஸ் பிடித்துப் போனேன். பதிவேட்டில் பழைய தேதியைச் சிவப்பு மையால் அடித்து, மேலே அக்டோபர் பதினேழு என்று எழுதித் தலைமையாசிரியை கையொப்பம் போடுவதைக் கண்ணால் பார்க்கவேண்டும் போலிருந்தது. அவரும் வந்திருந்தார், கையில் கிரீஸ் கறையோடு. வகுப்பிலிருந்து மகளையும் கூப்பிட்டிருந்தார்கள். நல்ல உயரமான பிள்ளை, தகப்பன் சாயல்.

ஆணையை வாசிக்கச் சொல்லி அவளிடம் கொடுத்தார்கள். உரக்க வாசித்தாள். "சேர்க்கையின்போது பெற்றோர் அறியாமையால் தவறான பிறந்த தேதியைத் தெரிவித்ததன் காரணமாக ஏற்பட்ட பிழை..." என்று வாசித்தவள் நிறுத்தினாள். என் கடிதம் எந்தக் கோப்பின் அடியில் போனதோ. கம்ப்யூட்டரில் வழக்கமாக வைத்திருக்கும் வரியை அப்படியே அடித்து அனுப்பியிருக்கிறார்கள்.

"அப்பா, நீங்களா தப்பாச் சொன்னிய?" என்று கேட்டாள்.

"ஆமா மக்கா. எனக்கு அன்னைக்குத் தெரியல" என்றார் அவர், என் பக்கம் பார்க்காமலே.

என் வாழ்நாளில் யாரும் என்னை இப்படிக் காப்பாற்றியதில்லை, இப்படி அவமானப்படுத்தியதும் இல்லை. சொந்த மகள் முன்னால் தன்னை ஒன்றும் தெரியாதவராக ஆக்கிக்கொண்டு என் மானத்தை மூடப் பார்த்தார். நான் அந்தப் பிள்ளையின் கையைப் பிடித்துக்கொண்டேன். "இல்லம்மா. உங்க அப்பா சரியாத்தான் சொன்னாங்க. நான்தான் தப்பா எழுதினேன். அவங்க சொல்லியும் நான் கேக்கல" என்று தலைமையாசிரியை, பள்ளி எழுத்தர், வாசலில் நின்ற பிள்ளைகள் எல்லார் முன்னாலும் சொன்னேன். அவள் என்னைக் கோபமாகப் பார்க்கவில்லை. தகப்பனைத்தான் பார்த்தாள், ரொம்ப நேரம்.

அந்த வரியைத் திருத்தச் சொல்லி மறுவாரம் அலுவலகத்துக்கு என் பேரிலேயே விண்ணப்பம் போட்டேன். தேதிக்குத்தான் திருத்தம் உண்டு, ஆணையில் உள்ள வாசகத்துக்குத் திருத்தம் கிடையாது என்றார்கள். திரும்பவும் போட்டிருக்கிறேன். ஓய்வூதியத்துக்கு இதுவரை ஒரு பாதகமும் வரவில்லை, விண்ணப்பத்துக்குப் பதிலும் வரவில்லை. அவர் போனில், "பிள்ளைக்குத் தேதி சரியாயிட்டுல்லா டீச்சர், விட்டுருங்க" என்கிறார். விட முடியவில்லை. அந்தப் பிள்ளையின் தேதி சரியாகிவிட்டது, ஆனால் அரசாங்கக் காகிதத்தில் என் பிழை இன்றைக்கும் அவர் பேரில்தான் இருக்கிறது.